துரை மேசையும் லயத்து அடுப்பும்

பொரித்த மீனுக்குத் தொட்டுக்கொள்ளும் டார்டார் சாஸின் பெயர் மத்திய ஆசியாவின் தார்த்தாரியரை நினைவூட்டும். ஆனால் அது 19ஆம் நூற்றாண்டுப் பிரெஞ்சுச் சமையலில் உருப்பெற்றது. அங்கிருந்து ஆங்கிலேயர் மேசைக்கு வந்தது.

1909இல் சயாம், கெடாவின் மீது தனக்கிருந்த உரிமைகளைப் பிரிட்டனுக்கு மாற்றிக் கொடுத்தது. ஜெராய் மலையடிவாரத்துக் குருண் வட்டாரத்திலும் ரப்பர்த் தோட்டங்கள் பெருகின. தோட்டத்தில் இருவகை அடுப்புகள் எரிந்தன. துரையின் பங்களாக் குசினியில் சீமைச் சமையல். நம் முன்னோர் வாழ்ந்த லயத்தில் சோறும் கருவாட்டுக் குழம்பும். ஆனால் துரைமாருக்குச் சமைத்துப் போட்டவர்கள் ஹைனான் சீனரும் தமிழருமே.

1941 டிசம்பரில் குருணில் நடந்த சண்டையில் பிரிட்டிஷ் படை ஜப்பானியரிடம் தோற்றது. துரைமார் தெற்கே போயினர். லயத்து மக்கள் மரவள்ளிக்கிழங்கைத் தின்று உயிர் காத்தனர். மலாயாத் தோட்டங்களிலிருந்து பல்லாயிரம் தமிழர் சயாம் மரண ரயில்பாதைக்குக் கொண்டுபோகப்பட்டனர்.

துரை மேசைச் சாஸை இன்று நாமே வீட்டில் செய்கிறோம். புதிய முட்டை ஒன்றின் மஞ்சட்கருவில் எலுமிச்சைச் சாறு சிறிது விட்டு, அரைக்கோப்பை எண்ணெயைத் துளித்துளியாகச் சேர்த்துக் கடைய வேண்டும். மஞ்சட்கருவிலுள்ள லெசித்தின் எண்ணெயையும் சாற்றையும் பிரியவிடாது. வினிகரில் ஊறிய வெள்ளரிக்காயையும் வெங்காயத்தையும் பொடியாக நறுக்கிக் கலந்தால் சாஸ் தயார். பச்சை முட்டையாதலால் குளிர்பெட்டியில் வைத்து அன்றே உண்பது நலம்.

துரைமாரின் பெயர்கள் தோட்ட ஏடுகளில் உள்ளன. குசினியில் நின்றவர்களின் பெயர்களை நம் வீட்டு முதியோரிடம் கேட்டு நாமே எழுதி வைப்போம்; அதுவும் வரலாறுதான்.