எலிப்பொறியும் பெண்விடுதலையும்: ‘எலிப்பத்தாயம்’ காட்டும் விலங்குக் குறியீடு

பெண்ணை மானாகவும் மயிலாகவும் கிளியாகவும் உருவகித்தல் இந்தியக் கலைமரபில் நெடுங்காலமாக நிலவி வருவது. 1977இல் வெளிவந்த ‘16 வயதினிலே’ திரைப்படத்தின் தலைவிக்கு மயில் என்பதே பெயராயிற்று. இம்மரபினின்று வேறுபட்டு, விலங்குக் குறியீட்டை ஆணுக்கு உரியதாக்கிய படைப்பு அடூர் கோபாலகிருஷ்ணனின் ‘எலிப்பத்தாயம்’ (1981) என்னும் மலையாளத் திரைப்படமாகும்.

திருவனந்தபுரத்தில் 1965இல் சித்ரலேகா திரைப்படச் சங்கத்தைத் தோற்றுவித்தவர்களுள் அடூரும் ஒருவர். இவ்வியக்கத்தின் படப்பிடிப்பு நிலையம் கழக்கூட்டத்தை அடுத்த ஆக்குளத்தில் அமைந்தது. ‘எலிப்பத்தாயம்’ 1982இல் லண்டன் திரைப்பட விழாவில் சதர்லேண்ட் விருது பெற்றது.

இப்படத்தின் களம் சிதைந்துவரும் நாயர் தறவாடு. மருமக்கள் தாயத்தில் குலம் பெண்வழியே தொடரினும் குடும்ப ஆட்சி காரணவர் கையிலேயே இருந்தது. நாஞ்சில் நாட்டு வேளாளரிடையேயும் இம்முறை வழங்கியதை, கவிமணியின் ‘நாஞ்சில் நாட்டு மருமக்கள்வழி மான்மியம்’ ஒரு பெண்ணின் கூற்றாகவே எடுத்துரைக்கிறது. 1925ஆம் ஆண்டின் திருவிதாங்கூர் நாயர் சட்டம் சொத்துப் பிரிவினைக்கு வழிவகுத்தது. 1975ஆம் ஆண்டின் கேரளச் சட்டம் கூட்டுக்குடும்ப முறையையே நீக்கியது.

படத்தின் தலைவன் உண்ணி, முற்றத்தில் நுழைந்த பசுவை விரட்டவும் தங்கையை அழைப்பவன். மூத்தவள் ஜானம்மா தன் பங்கைக் கேட்கிறாள். இளையவள் ஸ்ரீதேவி வீட்டைவிட்டு வெளியேறுகிறாள். நடுவிலுள்ள ராஜம்மாவோ மணமின்றி உழைத்து, நோயுற்று வீழ்கிறாள். பொறியில் அகப்பட்ட எலியைக் கொண்டுசென்று குளத்தில் அமிழ்த்துபவள் ஸ்ரீதேவி. இறுதியில் ஊரார் உண்ணியை அதே குளத்தில் எறிகின்றனர். ஆகவே எலி என்பது உரிமையின் நிழலில் ஒடுங்கிய ஆணே எனத் துணியலாம்.

பிற மொழிப் படங்களிலும் இத்தகைய மாற்றத்தைக் காணலாம். ஸ்பானிய இயக்குநர் பெத்ரோ அல்மொதோவாரின் ‘அவளுடன் பேசு’ (2002) படத்தில் லிதியா என்னும் பெண் காளைப்போர் வீராங்கனையாகிறாள். ஆண்மையின் அடையாளமாகக் கருதப்பட்ட களத்தில் காளையை எதிர்கொள்ளும் அவள், அக்காளையாலேயே குத்துண்டு நினைவிழக்கிறாள். அங்கே விடுதலைக்கு உடலே விலையாகிறது. தறவாட்டிலோ வெளியேறியவள் தப்பினாள். தங்கி உழைத்தவள் அழிந்தாள்.

சொத்துரிமை மட்டும் விடுதலையாகாது என்பதற்கு ராஜம்மாவே சான்று. சட்டம் பங்கை வகுத்தது. பொறியின் கதவைத் திறக்கும் துணிவு தனித்தே பிறக்கவேண்டியிருந்தது என்பது இதனால் பெறப்படும்.