பல்லுலக விளக்கம்

குவாண்டம் இயற்பியலின் சமன்பாடுகள் எத்தகைய மெய்ம்மையைக் காட்டுகின்றன என்ற கேள்விக்கு அமெரிக்கரான ஹியூ எவரெட் (1930–1982) அளித்த விடை. ஓர் அளவீட்டில் வரக்கூடிய முடிவுகள் அனைத்தும் நிகழ்கின்றன; வெவ்வேறு கிளைகளில், அதாவது வெவ்வேறு உலகங்களில், நிகழ்வதால் ஒரு கிளையில் நடப்பது மற்றதற்குத் தெரிவதில்லை என்பது இதன் சாரம்.

1926-இல் இயற்பியலர் ஷ்ரோடிங்கர் தந்த சமன்பாட்டின்படி, துகளின் நிலையை விவரிக்கும் அலைச்சார்பு பல நிலைகளை ஒருசேரத் தாங்கியபடி சீராக மாறிச் செல்லும். அளந்தாலோ ஒரே நிலைதான் கிடைக்கிறது. அளக்கும் கணத்தில் அலைச்சார்பு சரிந்துவிடுகிறது என்ற தனி விதியை 1932-இல் வெளியான தம் நூலில் கணிதவியலர் ஃபான் நாய்மன் வகுத்துவைத்தார். எவரெட் புதிதாக எதையும் சேர்க்கவில்லை, அந்த விதியை நீக்கினார், அவ்வளவே. கருவியும் பார்ப்பவரும் அதே சமன்பாட்டுக்குக் கட்டுப்பட்டால் துகளோடு அவர்களும் கிளைத்தாக வேண்டும்.

பிரின்ஸ்டனில் முனைவர் பட்டத்துக்காக இதை எழுதியபோது அவருக்கு வயது 25. நெறியாளர் ஜான் வீலர் 1956-இல் கோபன்ஹேகன் சென்று, குவாண்டம் இயற்பியலின் முன்னோடியான நீல்ஸ் போர் வட்டாரத்தின் ஒப்புதலைத் தேடினார். அது கிடைக்காமல் போகவே ஆய்வேட்டை வெகுவாகச் சுருக்கச் சொன்னார். 1957-இல் அச்சேறியது அந்தச் சுருக்கமே. தாம் பிளவுபடுவதாக உணரவில்லையே என்று இயற்பியலர் பிரைஸ் டிவிட் கேட்டதற்கு, பூமி நகர்வதையும்தான் நாம் உணர்வதில்லை என்ற பொருளில் எவரெட் அடிக்குறிப்பொன்றில் பதிலளித்தார். அதற்குள் அவர் பென்டகனில் அணு ஆயுதப் போர்க் கணக்குகளில் இறங்கியிருந்தார். 1959-இல் நீல்ஸ் போரை நேரில் சந்தித்தும் பயனில்லை. ஆய்வுலகுக்கு அவர் திரும்பவேயில்லை.

கருத்துக்கு மறுவாழ்வு தந்தவர், முன்பு ஐயம் எழுப்பிய அதே டிவிட். 1970-இல் ‘பிசிக்ஸ் டுடே’ இதழில் எழுதினார்; 1973-இல் சுருக்கப்படாத மூலத்தை நூலாக வெளிக்கொணர்ந்தார். கிளைகள் ஒன்றோடொன்று ஏன் குறுக்கிடுவதில்லை என்பதைச் சுற்றுச்சூழலின் தாக்கத்தைக் கொண்டு விளக்கும் வழியை 1970-இல் ஜெர்மானியரான டீட்டர் ட்சே திறந்துவைத்தார்.

உலகங்கள் மிகுந்துவிடுகின்றன என்ற வழக்கமான எதிர்ப்பு வலுவற்றது. ஒரு கொள்கையின் சிக்கனத்தை அதன் விதிகளில் அல்லவா எண்ண வேண்டும்? உண்மையான இடர் நிகழ்தகவில் இருக்கிறது. எல்லாமே நிகழுமானால் ஒரு முடிவுக்கு 70 விழுக்காடு, மற்றதற்கு 30 என்பதற்கு என்ன பொருள்? இயற்பியலர் டேவிட் டாய்ச் 1999-இல் முடிவெடுப்புக் கோட்பாட்டின் துணையோடு இதற்கு விடை காண முயன்றார். நிறுவ வேண்டியதையே அவர் முன்கூட்டி ஏற்றுக்கொள்கிறார் என்பது எதிர்த்தரப்பின் வாதம். சோதனைவழி ஒன்றையும் அவரே 1985-இல் முன்வைத்திருந்தார்: பார்ப்பவரே ஒரு குவாண்டம் கணினியாக இருந்தால், பார்த்தபின் கிளைகளை மீண்டும் இணைத்துக் குறுக்கீடு தெரிகிறதா என்று அளந்துவிடலாம். அத்தகைய கணினி இன்னும் உருவாகவில்லை.