கையுறை, கஃப்லிங்க், குடை

பென் ஜான்சனின் ‘எபிசீன்’ என்ற ஆங்கில நாடகம் 1609ஐ ஒட்டி மேடையேறியது. அதில் சத்தமே ஆகாத ஒரு பணக்காரக் கிழவர், காதும் காதும் வைத்தாற்போலக் கல்யாணத்தை முடித்துவிடப் பார்க்கிறார். விடுவார்களா? ஊர்ச் சீமாட்டிகள் மோப்பம் பிடித்து வந்து சேருகிறார்கள். இது கல்யாண வீடு என்பதற்கு ஓர் அடையாளமும் இல்லையே, எங்களுக்குச் சேரவேண்டிய கையுறையும் மேல்துண்டும் எங்கே என்று அவர்களில் ஒருத்தி கேட்டே விடுகிறாள்.

மேடையில் சிரிப்பை வரவழைத்த அந்தக் கேள்வி அன்றைய இங்கிலாந்தில் நியாயமான கேள்விதான். திருமணத்துக்கு வந்தவர்களுக்குத் தோல் கையுறை கொடுப்பது அங்கே மரபு. கொடுக்காமல் விட்டால் குறை. கூடவே நாடாக்களும் உண்டு. தாமஸ் டெலோனி 16ஆம் நூற்றாண்டின் இறுதியில் எழுதிய ‘ஜாக் ஆஃப் நியூபெரி’ கதையில், மணப்பெண்ணை இரண்டு சிறுவர்கள் தேவாலயத்துக்கு அழைத்துச் செல்கிறார்கள். அவர்களுடைய பட்டுச் சட்டைக் கைகளில் கல்யாண நாடாவும் ரோஸ்மேரிக் கொத்தும் கட்டியிருக்கின்றன. இன்று மாப்பிள்ளையின் பக்கத்தில் நிற்கும் தோழர்களுக்கு முன்னோடிகளைத் தேடினால் இப்படிப்பட்டவர்களிடம்தான் போய்ச் சேருவோம். பெண்ணைக் கடத்தி வந்த காலத்தில் வாள் பிடித்துக் காவல் நின்றவனே முதல் தோழன் என்ற கதை பலமாக உலவுகிறது. அதைத் தாங்கும் சான்று இல்லை. நாடாவுக்கும் கையுறைக்கும் சான்று இருக்கிறது.

அந்தக் காலப் பரிசு, கொடுத்த அன்றைக்கு ஊர் பார்ப்பதற்கானது. இவர் இந்தக் கல்யாணத்தைச் சேர்ந்தவர் என்று தெருவுக்குச் சொல்வதோடு அதன் வேலை முடிந்துவிடும். நாடா கசங்கும், தோல் அழுக்காகும். நீடித்து நிற்கும் பொருளுக்கு மனிதர்கள் மெல்லத்தான் வந்து சேர்ந்தார்கள்.

1662இல் இங்கிலாந்து அரசர் இரண்டாம் சார்லஸ் போர்ச்சுகல் இளவரசி கேத்தரினை மணந்தார். பம்பாயைச் சீதனமாகப் பெற்றுத் தந்த அதே திருமணம். அதையொட்டி இங்கிலாந்தில் சட்டைக் கைகளை மூடுவதற்குச் சின்ன வெள்ளிப் பொத்தான்கள் பரவலாகச் செய்யப்பட்டன. இரண்டு இதயங்கள், மேலே ஒரு கிரீடம். இப்போதும் அந்நாட்டு வயல்களில் உலோகம் தேடுகிறவர்களுக்கு அவை அகப்படுகின்றன. தோழர்களுக்கென்று மாப்பிள்ளை கொடுத்தவை அல்ல அவை. மக்கள் தாமே அணிந்துகொண்டவை. ஆனாலும் ஒரு கல்யாணத்தின் நினைவு ஆணின் மணிக்கட்டில் ஏறி, விருந்து முடிந்த பின்னும் அங்கேயே தங்கிவிட்டது. பின்னாளில் வந்த கஃப்லிங்க் பரிசுக்கு இதைவிடப் பொருத்தமான மூதாதையைக் காண்பது கடினம்.

மாப்பிள்ளையே யோசித்து, வரைந்து, செய்யச் சொல்லிக் கொடுத்த பரிசு என்றால் 1840 பிப்ரவரி 10 முன்னுக்கு வரும். விக்டோரியா அரசியை மணந்த ஆல்பர்ட், அரசியின் நீள அங்கியைத் தாங்கி நடந்த 12 பெண்களுக்கும் ஆளுக்கொரு கழுகு ப்ரூச் தந்தார். உடல் முழுக்க நீலப்பச்சை டர்காய்ஸ் கற்கள், கண்ணுக்கு மாணிக்கம், அலகுக்கு வைரம், நகங்களின் பிடியில் முத்து. கழுகு அவருடைய கோபர்க் குலத்தின் சின்னம். அவற்றில் ஒன்று பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. அழகான வேலைப்பாடு என்பதில் சந்தேகமில்லை. ஆனால் பன்னிரண்டும் ஒரே அச்சு. வாங்கிய பெண்ணைப் பற்றி அது எதுவும் சொல்லாது, கொடுத்தவரின் குலத்தைத்தான் சொல்லும்.

ஆண்களுக்கான பரிசு வழக்கம் செழித்தது அமெரிக்காவில். அங்கே மாப்பிள்ளையின் நண்பர்கள் ‘அஷர்’களாக நின்று, வருகிறவர்களை இருக்கைக்கு அழைத்துப்போவார்கள். 1922இல் எமிலி போஸ்ட் வெளியிட்ட நடத்தை நெறி நூல் இவர்களுக்கு என்ன கொடுக்கலாம் என்று விரிவாகவே பேசுகிறது. கஃப்லிங்க்தான் எல்லோரும் விரும்புவது. டைபின் இன்னும் வழக்கில் உள்ள ஊரென்றால் அதையும் கொடுக்கலாம். தங்கத்திலோ வெள்ளியிலோ பென்சில், பெல்ட் பக்கிள், சாவி வளையம், சிகரெட் பெட்டி, விசிட்டிங் கார்டு உறை என்று பட்டியல் நீள்கிறது. முதன்மைத் தோழனுக்கும் ஏறக்குறைய அதே பொருள், கொஞ்சம் கூடுதல் சிறப்பாக. கல்யாணத்துக்கு முந்தைய ஆண்கள் விருந்தில், அவரவர் சாப்பாட்டு இடத்தில் பரிசை வைத்துவிட வேண்டும். அஷர்களின் டையும் கையுறையும் மாப்பிள்ளையின் செலவே. ஜான்சன் காலத்துக் கையுறை அங்கே சீருடையாக ஒட்டிக்கொண்டிருக்கிறது.

போஸ்டின் பட்டியலில் பெரும்பாலானவை சட்டையிலோ பையிலோ அடங்குபவை, தினமும் கை படுபவை. வாங்கியவர் அலுவலகத்தில் கையெழுத்திடும்போதும் வீட்டுக் கதவைத் திறக்கும்போதும் நண்பனின் நினைவு வரும். ஊர் பார்ப்பதற்கான பரிசு இங்கே ஒருவருடைய தனி உடைமையாக மாறிவிட்டது. இந்த வழக்கத்தின் வரலாற்றில் மிக நல்ல மாற்றம் அதுதான்.

கல்யாணத்துக்கு முந்தைய அந்த ஆண்கள் விருந்தில் இன்னொரு சடங்கும் உண்டு. மணப்பெண்ணின் பெயரால் மது அருந்தியதும் கோப்பையை உடைத்துவிட வேண்டும். அதைவிடத் தாழ்ந்த எதற்காகவும் அந்தக் கோப்பை பிறகு உயரக்கூடாதாம். 1953 செப்டம்பரில் நியூபோர்ட்டில் ஜான் கென்னடிக்கும் ஜாக்குலினுக்கும் நடந்த திருமணத்தின் முந்தைய விருந்தில் இது எப்படி அரங்கேறியது என்பதை, அஷர்களில் ஒருவரான பால் ஃபே 1966இல் வெளியான தம் நினைவு நூலில் எழுதியிருக்கிறார். மணப்பெண்ணின் மாற்றாந்தந்தை விலையுயர்ந்த பளிங்குக் கோப்பைகளை வரவழைத்திருந்தார். கென்னடி வாழ்த்துச் சொல்லி முடித்து, எல்லாவற்றையும் கணப்பில் வீசச் சொன்னார். புதிய கோப்பைகள் வந்தன. மறுபடி வாழ்த்து, மறுபடி வீச்சு. அடுத்த முறை மேசைக்கு வந்தவை சாதாரணக் கண்ணாடிக் கோப்பைகள்.

அந்த அஷர்களுக்குக் கென்னடி தந்தது ப்ரூக்ஸ் பிரதர்ஸ் குடை. குடையா என்று உதட்டைப் பிதுக்குகிறவர்கள் இருக்கலாம். ஆனால் மாப்பிள்ளையின் தம்பி ராபர்ட் முதன்மைத் தோழன். பள்ளித் தோழர் லெம் பில்லிங்ஸ், செனட்டர் ஜார்ஜ் ஸ்மேதர்ஸ் போன்றவர்கள் அஷர்கள். தங்க பென்சிலுக்கு ஏங்குகிறவர்கள் அல்லர் இவர்கள். மழைக்காலம் முழுக்கக் கையில் இருக்கும் நல்ல குடையை அவர்களுக்குத் தேர்ந்தவர் யோசித்துத்தான் தேர்ந்திருக்க வேண்டும்.

யாழ்ப்பாணக் கல்யாணத்தில் இதே கொடுக்கல் வேறு திசையில் போகிறது. மாப்பிள்ளைத் தோழனாக நிற்பது பெண்ணின் சகோதரன். வாசலில் மாப்பிள்ளையின் காலைக் கழுவி அழைத்துப்போவான். அவன் விரலில் மாப்பிள்ளை தங்க மோதிரம் போடுவார். நட்புக்கான நன்றி அல்ல, புதிதாகத் தொடங்கும் மைத்துன உறவுக்கான முதல் மரியாதை. மோதிரம் பொருந்த வேண்டுமானால் அந்தப் பையனின் விரல் அளவை முன்கூட்டியே விசாரித்து வைத்திருக்க வேண்டும். பேரங்காடியில் ஒரே மாதிரி எட்டு கஃப்லிங்க் பெட்டிகளை அள்ளிவருவதில் இல்லாத அக்கறை அது. டொரன்டோவிலும் லண்டனிலும் வாழும் ஈழத்தமிழர் குடும்பங்களில் இப்போது இரண்டு வழக்கமும் ஒரே மண்டபத்தில் நடக்கின்றன: வாசலில் மைத்துனனுக்கு மோதிரம், மேடைக்குப் பின்னால் கோட்டுப் போட்ட நண்பர்களுக்குப் பெயரெழுத்துப் பொறித்த பரிசுப் பெட்டி.