விலகல் எண்ணும் காலத்தின் நிலைத்தன்மையும்

2009இல் ஜப்பானில் வெளியான ‘ஸ்டைன்ஸ்;கேட்’ என்னும் கதை விளையாட்டில் விலகல்மானி என்றொரு கற்பனைக் கருவி இடம்பெறுகிறது. எட்டு நிக்ஸி குழாய்களைக் கொண்ட அது, ஆறு தசம இடங்கள் வரை ஓர் எண்ணை ஒளிரவிடுகிறது. கதைநாயகன் ஒகாபே ரிந்தாரோ வாழும் வரலாறு, அதாவது உலகக்கோடு, ஓர் அடிப்படைக் கோட்டிலிருந்து எவ்வளவு விலகியிருக்கிறது என்பதே அந்த எண்ணின் பொருள். 1 என்னும் எல்லையைக் கடந்தால் விதியே மாறும் என்று கதை சொல்வதால், விலகல்மானியைக் காலத்தின் நிலைத்தன்மையை அளக்கும் கருவியாகக் கொள்ளத் தோன்றும். அப்படிக் கொள்வது பொருந்தாது என்பதும், அக்கதைக்குள் நிலைத்தன்மை வேறொரு வழியில் அளக்கப்படுகிறது என்பதும் இக்கட்டுரையின் வாதம்.

முதற்சான்று எண்களிலேயே இருக்கிறது. ஒரே முடிவை நோக்கிக் குவியும் உலகக்கோடுகளின் தொகுதியைக் கதை கவர்புலம் என்கிறது. 1க்குக் கீழுள்ள ஆல்பா கவர்புலத்தில் எந்த உலகக்கோட்டுக்குப் போனாலும் ஒகாபேயின் தோழி மயூரி இறக்கிறாள். 1.130205 என்று காட்டும் பீட்டா உலகக்கோட்டில் அவனுடைய மற்றொரு தோழி குரிசு கொல்லப்படுகிறாள். எதிர்காலம் மூன்றாம் உலகப்போரை நோக்கிச் செல்கிறது. இரண்டுமே விடாப்பிடியானவை. எந்தக் கவர்புலத்தின் பிடிக்கும் அகப்படாத, எதிர்காலம் திறந்து கிடக்கிற உலகக்கோட்டின் எண் 1.048596. இறுகிய இரண்டு வரலாறுகளுக்கு நடுவே நெகிழ்ந்த வரலாறு ஒன்று அமைந்திருக்கிறது. எண் கூடும்போது நிலைத்தன்மை சீராகக் கூடவும் இல்லை, குறையவும் இல்லை. எனவே விலகல்மானி காட்டுவது ஒரு வரலாறு இருக்கும் இடத்தை. அது எவ்வளவு உறுதியாக அங்கே நிற்கிறது என்பதை அன்று.

அந்த உறுதியை ஒகாபே அறிவது கருவியால் அல்ல, மீண்டும் மீண்டும் தோற்பதால். மயூரியைக் காப்பாற்ற அவன் காலத்தில் பின்னோக்கித் தாவுகிறான். ஒவ்வொரு முறையும் வேறு வழியை முயல்கிறான். அவள் ஒருமுறை துப்பாக்கிக் குண்டுக்கும் மற்றொருமுறை ரயிலுக்கும் பலியாகிறாள். சாகும் விதம் மாறுகிறது, சாவு மாறுவதில்லை. தூண்டல்களை மாற்றி மாற்றிக் கொடுத்து விளைவுகள் எவ்வளவு சிதறுகின்றன என்று பார்ப்பதே நிலைத்தன்மை அளவீடு. அதன் இன்னொரு பாடமும் இதில் தெரிகிறது: பருவரையான விளைவு நிலையாக இருக்கும்போதே நுண்விவரங்கள் நிலையற்று இருக்கலாம்.

மெய்யான காலவியலும் இதையே சொல்கிறது. கடிகாரங்களின் நிலைத்தன்மையை மதிப்பிட டேவிட் ஆலன் 1966இல் முன்வைத்த பரவற்படி, அடுத்தடுத்த கால இடைவெளிகளில் கிடைக்கும் சராசரி அதிர்வெண்களின் வேறுபாட்டைக் கணக்கிடுகிறது. அதன் விடை ஒற்றை எண்ணாக அமைவதில்லை. இடைவெளியின் நீளத்துக்கேற்ப மாறும் வளைகோடாக அமைகிறது. ஹைட்ரஜன் மேசர் என்னும் கடிகாரம் குறுகிய காலத்தில் சீசியம் கடிகாரத்தை விஞ்சும். நீண்ட காலத்தில் மெல்ல நகர்ந்துவிடும். எந்த அளவில், எதைப் பொறுத்து என்று சொல்லாமல் நிலைத்தன்மையைப் பேச முடியாது. ஐசக் அசிமோவின் 1955ஆம் ஆண்டு நாவலான ‘தி எண்ட் ஆஃப் எட்டர்னிட்டி’யிலும் இக்கருத்து உண்டு. அதில் காலத்துக்கு வெளியே வாழும் நித்தியர்கள் என்போர் வரலாற்றில் புகுத்தும் மாற்றம் பல நூற்றாண்டுகளுக்குப் பரவி, பின்னர் தேய்ந்து மறைகிறது. காலத்தின் உறுதிக்கு அளவாவது அந்தத் தேய்வுதான்.

இதற்கு எழக்கூடிய வலுவான மறுப்பு ஒன்று உண்டு. உலகக்கோடு மாறும்போது கருவியும் குறிப்பேடும் மனிதர் நினைவும் சேர்ந்தே மாறிவிடுகின்றன. பழைய முயற்சிகளின் பதிவு எஞ்சாதபோது சிதறலை எப்படிக் கணக்கிடுவது? மறுப்பு நியாயமானது, ஆனால் அது விலகல்மானியையே முதலில் வீழ்த்துகிறது. எந்த உலகக்கோட்டுக்குள் பார்த்தாலும், அந்த மானி எப்போதுமே அதே எண்ணைக் காட்டிவந்ததாகத்தான் இருக்கும். எண் மாறியது என்று சொல்ல, மாறாத நினைவுள்ள ஒருவர் வேண்டும். கதை அந்த ஆற்றலை ஒகாபேக்கு அளித்து, ‘ரீடிங் ஸ்டைனர்’ என்று பெயரிடுகிறது. அசிமோவின் நித்தியர்களுக்கோ காலத்துக்கு வெளியே நிற்க ஓர் இடமே இருக்கிறது. கருவி தனியே அளப்பதில்லை. சாட்சியோடு சேர்ந்தே அளக்கிறது. ஆனால் சாட்சி ஒருவர்தான் என்பது குறையே. இரண்டு கடிகாரங்கள் முரண்பட்டால் தவறியது எது என்று சொல்ல மூன்றாவது வேண்டும்; ஒகாபேயின் நினைவைச் சரிபார்க்க அப்படியொரு மூன்றாம் தரப்பு கிடையாது.

இவையெல்லாம் கதாசிரியர் விருப்பம்போல் வகுத்த விதிகள், ஆராயத் தகுந்தவை அல்ல என்பது மற்றொரு மறுப்பு. ஆனால் கற்பனை உலகு தத்துவத்துக்குப் புதிய ஆய்வுக்கூடம் அன்று. தத்துவ அறிஞர் சிட்னி ஷூமேக்கர் 1969இல், மூன்று பகுதிகள் முறையே 3, 4, 5 ஆண்டுகளுக்கு ஒருமுறை ஓராண்டு உறைந்துபோகும் உலகைக் கற்பித்து, 60 ஆண்டுகளுக்கு ஒருமுறை மூன்றும் சேர்ந்தே உறைவதை நம்ப அங்குள்ளோருக்குக் காரணம் உண்டு என்று வாதிட்டார். கற்பனை விதியின் உள்ளிணக்கத்தைச் சோதிப்பதால், அளவீடு என்ற கருத்துக்கு எவை இன்றியமையாதவை என்பது தெளிவாகிறது. அந்தச் சோதனையில் விலகல்மானி வரலாறுகளுக்கு முகவரி தரும் கருவியாகத் தேறுகிறது. நிலைத்தன்மையின் அளவுகோலாகத் தேறவில்லை. அந்தத் தகுதி, தூண்டலுக்கும் விளைவுச் சிதறலுக்கும் உள்ள உறவுக்கே உரியது.