பீகிங் முற்றுகையில் பெயர் பெறாதோர்

நாள்தோறும் நாம் பறிக்கும் கொழுந்துக்கும் அருந்தும் தேநீருக்கும் ஒரு வரலாறு உண்டு. லூல்கந்துரைத் தோட்டத்தில் ஜேம்ஸ் டெய்லர் என்னும் துரை 1867-ஆம் ஆண்டில் 19 ஏக்கரில் தேயிலை பயிரிட்டதிலிருந்தே அவ்வரலாற்றைத் தொடங்குவது நம் வழக்கம். கோப்பிப் பயிர் நோய் கண்டு அழிந்ததும், தேயிலை தழைத்ததும், தமிழகத்திலிருந்து நம் முன்னோர் கடல் கடந்து வந்து காட்டு வழியே மலையேறியதும் நம் பெரியோர் சொல்லி நாம் அறிந்தவையே. ஆனால் தேயிலையின் கதை நம் மலையில் தொடங்கவில்லை. அது சீன தேசத்தில் தொடங்கியது. அந்தத் தேசத்தில் 1900-ஆம் ஆண்டு நிகழ்ந்த ஒரு பெருங்கலகத்தை இம்மலரில் நினைவுகூர விரும்புகிறோம். அன்னியர் என்று சொல்லப்பட்டோர் அக்கலகத்தினூடே எவ்வாறு வாழ்ந்தனர், அவர்களுள் யாருடைய துயரம் ஏட்டில் ஏறியது, யாருடையது ஏறாமற் போயிற்று என்பதே நம் கேள்வி. அன்னியர் என்ற சொல்லைப் பல காலம் சுமந்த மலையகத்தாராகிய நாம் இக்கேள்வியைக் கேட்பது பொருத்தமேயாகும்.

சினம் மூண்ட காரணம்

பிரித்தானியர் தேநீருக்குப் பழகிய காலத்தில் தேயிலை சீனாவிலிருந்தே வந்தது. அதற்கு விலையாக வெள்ளி நாணயம் கப்பல் கப்பலாகச் சீனாவுக்குப் போயிற்று. இதைத் தடுக்க அவர்கள் கண்ட வழி அபின். இந்தியாவில் வங்காளம், பீகார்ப் பகுதிகளில் விளைந்த அபின் சீனாவில் விற்கப்பட்டது. சீன அரசு அதைத் தடுத்தபோது போர் மூண்டது. 1839 முதல் 1842 வரையும், மீண்டும் 1856 முதல் 1860 வரையும் நடந்த போர்களில் சீனா தோற்றது. ஹொங்கொங் பறிபோயிற்று, துறைமுகங்கள் திறக்கப்பட்டன, அன்னியர் குற்றம் செய்தாலும் சீன நீதிமன்றம் விசாரிக்க முடியாது என்று ஒப்பந்தம் எழுதப்பட்டது. இதற்கிடையே சீனத் தேயிலைச் செடிகளை எடுத்துச் சென்று இந்தியாவில் நட்டனர். அசாமிலும் இலங்கையிலும் தோட்டங்கள் பெருகின. நூற்றாண்டு முடியும்போது லண்டன் சந்தையில் சீனத் தேயிலையை இந்திய, இலங்கைத் தேயிலைகள் பின்னுக்குத் தள்ளிவிட்டன. உலகுக்குத் தேயிலையைக் கற்பித்த நாடு தன் சந்தையையும் இழந்து நின்றது.

1895-இல் ஜப்பானிடமும் சீனா தோற்றது. 1897-இல் ஷாண்டுங் மாகாணத்தில் இரு ஜெர்மன் பாதிரிமார் கொல்லப்பட்டதைக் காரணம் காட்டி ஜெர்மனி ஒரு துறைமுகத்தையே கைப்பற்றியது. 1898-இல் மஞ்சள் நதி பெருகி ஊர்களை அழித்தது. அதன்பின் மழை பொய்த்தது. பட்டினி கிடந்த கிராமங்களில் வேறொரு மனக்கசப்பும் வளர்ந்திருந்தது. கிறிஸ்தவராக மாறிய சீனர், ஊர்க்கோயில் திருவிழாவுக்கு வரி கொடுப்பதிலிருந்து விலக்குப் பெற்றனர். நிலவழக்கு வந்தால் பாதிரியாரின் செல்வாக்கு அவர்கள் பக்கம் நின்றது. ஊர்க்கோயில் வரியைச் சுற்றி எழும் பிணக்கு எத்தகையது என்பதைத் தோட்டத்தில் வாழும் நமக்கு விளக்க வேண்டியதில்லை.

இந்த நிலத்தில் முளைத்ததே 'யிஹெதுவான்' என்ற இயக்கம். அதில் சேர்ந்த இளைஞர் கைச்சண்டைப் பயிற்சி செய்தனர். தெய்வம் தம்மேல் இறங்கும் என்றும், துப்பாக்கிக் குண்டு தம்மைத் துளைக்காது என்றும் நம்பினர். மேல்நாட்டார் அவர்களை 'பொக்ஸர்' என்று அழைத்தனர். அவர்கள் தண்டவாளத்தைப் பெயர்த்தனர்; தந்திக் கம்பியை அறுத்தனர்; தேவாலயங்களைக் கொளுத்தினர். அவர்களுள் பெரும்பாலோர் ஏழை விவசாயிகளின் பிள்ளைகள். அவர்களது சினத்துக்கு நியாயம் இருந்தது. அச்சினம் சென்ற வழியில் நியாயம் இருக்கவில்லை.

தூதரக வட்டாரத்தில்

பீகிங் நகரில், இன்று பெய்ஜிங் என வழங்கும் அத்தலைநகரில், அன்னிய நாட்டுத் தூதரகங்கள் யாவும் ஒரே வட்டாரத்தில் இருந்தன. அங்கிருந்தோரின் வாழ்வு, நம் நுவரெலியாவில் அக்காலத்துத் துரைமார் வாழ்ந்த வாழ்வைப் போன்றதே. விருந்துகளும் கிளப்பும் ஏவலரும் குதிரைப் பந்தயத் திடலும் அவர்களுக்கு இருந்தன. 1900 ஜூன் 9-ஆம் திகதி அந்தப் பந்தயத் திடலின் பார்வையாளர் மண்டபம் தீக்கிரையாயிற்று. ஜூன் 11-இல் ஜப்பானியத் தூதரக அதிகாரி சுகியாமா கொல்லப்பட்டார். ஜூன் 19-இல், 24 மணி நேரத்துள் வெளியேறும்படி அரசு ஆணையிட்டது. மறுநாள் இதுபற்றிப் பேசப் புறப்பட்ட ஜெர்மன் தூதர் கெட்டலர் நடுத்தெருவில் சுட்டுக் கொல்லப்பட்டார். அன்று மாலையே முற்றுகை தொடங்கியது. அது 55 நாள்கள் நீடித்தது.

உள்ளே அகப்பட்ட அன்னியக் குடிமக்கள் 473 பேர். பல நாட்டுப் படைவீரர் 409 பேர். பிரித்தானியத் தூதர் குளோட் மக்டொனால்ட் தலைமை ஏற்றார். சீனச் சுங்கத்துறையை 1863 முதல் நடத்திவந்த ரொபர்ட் ஹார்ட் முதியவராக அங்கேயே இருந்தார். பெண்கள் பட்டுத் துணியையும் சன்னல் திரைகளையும் கிழித்து ஆயிரக்கணக்கில் மண்மூட்டைகள் தைத்தனர். கேம்வெல் என்ற அமெரிக்கப் பாதிரியார் அரண் கட்டும் வேலையை ஏற்றார். பழைய பீரங்கிக் குழாய் ஒன்று கிடைத்தது. அதை இத்தாலியரின் வண்டியில் ஏற்றி, ரஷ்யரின் குண்டுகளை இட்டுச் சுட்டனர். பந்தயத்தில் ஓடிய குதிரைகள் ஒவ்வொன்றாக வெட்டப்பட்டு உணவாயின. ஜூன் 23-இல் அருகிலிருந்த ஹான்லின் கலைக்கழகம் தீப்பற்றி, தொன்மையான ஏடுகள் பல சாம்பலாயின. கற்றோரை மதித்த ஒரு நாட்டுக்கு அதைவிடப் பெரிய இழப்பு ஏது?

சீன அரசவையும் ஒரே மனத்தோடு இருக்கவில்லை. மகாராணி ஸிஷி போர் அறிவித்தார். ஆனால் பெரும் பீரங்கிகள் முழு வலிமையோடு ஏவப்படவில்லை. ஜூலை நடுவில் சண்டை தணிந்தபோது அரண்மனையிலிருந்து முற்றுகையிடப்பட்டோருக்கு வத்தகப்பழங்களும் காய்கறியும் பனிக்கட்டியும் வண்டிகளில் வந்தன. பின்னர் மீண்டும் துப்பாக்கி முழங்கியது. போரின் போக்கு இத்தகையது.

எண்ணப்படாதோர்

இதுவரை நாம் கூறியவை பல நூல்களில் விரிவாக உள்ளவை. முற்றுகையிலிருந்து மீண்டோர் நாட்குறிப்புகளும் நினைவுக் குறிப்புகளும் எழுதினர், திரைப்படமும் வந்தது. ஆனால் அந்த வட்டாரத்தில் இருந்தோருள் மிகப் பெரிய தொகையினர் அன்னியரே அல்லர். ஏறத்தாழ 2,800 சீனக் கிறிஸ்தவர்கள் அங்கே அடைக்கலம் புகுந்திருந்தனர்.

முதலில் அவர்களை உள்ளே சேர்ப்பதிலேயே தூதரகத்தாருக்குத் தயக்கம் இருந்தது. 'டைம்ஸ்' பத்திரிகையின் நிருபர் மொரிசனும், பேராசிரியர் ஹியூபர்ட்டி ஜேம்ஸும் முயன்று இளவரசர் சூவின் மாளிகையை அவர்களுக்குப் பெற்றுத் தந்தனர். அப்பேராசிரியர் முற்றுகையின் முதல் நாளிலேயே உயிரிழந்தார். அம்மாளிகையை ஷிபா கோரோ என்ற ஜப்பானிய அதிகாரி சிறு படையோடு காத்து நின்றார்.

அகழி வெட்டியவர்களும், சுவர் எழுப்பியவர்களும், குண்டு மழையில் மண் சுமந்தவர்களும் பெரும்பாலும் இந்தச் சீனரே. அவர்கள் இன்றேல் அந்த வட்டாரம் ஒரு வாரமும் தாங்கியிராது. ஆயினும் பங்கீடு சமமாக இருக்கவில்லை. அன்னியருக்குக் குதிரை இறைச்சியும் சோறும் கிடைத்த நாள்களில், மாளிகையில் இருந்தோர் மரப்பட்டையையும் இலையையும் உண்டு காலம் தள்ளினர். நாய் இறைச்சியும் அவர்களுக்கு உணவாயிற்று. குழந்தைகள் மடிந்தனர். ஏறத்தாழப் பதினைந்து வயதுச் சிறுவன் ஒருவன் பிச்சைக்காரனைப் போல வேடமிட்டு, கடிதத்தை மறைத்து எடுத்துக்கொண்டு ஜூலைத் தொடக்கத்தில் தியன்ஸின் நகருக்குப் புறப்பட்டான். 28-ஆம் திகதி விடையோடு திரும்பினான். வீரம் என்ற சொல்லுக்கு இதனினும் சிறந்த உரை வேண்டுமோ?

முற்றுகையில் மாண்ட அன்னியர் அறுபதுக்கும் மேற்பட்டோர் என்று கணக்கு உண்டு. அங்கே இறந்த சீனக் கிறிஸ்தவர்களின் கணக்கோ முறையாக எழுதி வைக்கப்படவில்லை. மதிலுக்கு வெளியே, வட சீனக் கிராமங்களில், இருநூறு அளவிலான அன்னியப் பாதிரிமாரும் அவர்களது குடும்பத்தாரும் கொல்லப்பட்டனர். சீனக் கிறிஸ்தவரோ பல்லாயிரவர் உயிரிழந்தனர். அன்னியன்மீது மூண்ட சினம் துப்பாக்கியும் மதிலும் உடைய அன்னியனைக் காட்டிலும், எதுவும் இல்லாத அயல்வீட்டுக்காரனையே மிகுதியாகச் சுட்டது.

நம்மவர் அங்கே

1900-ஆம் ஆண்டில் பிரித்தானியப் படை தென்னாபிரிக்காவில் போயர்களோடு போரிட்டுக்கொண்டிருந்தது. அப்போரில் சிறைப்பட்ட போயர்கள் ஆயிரக்கணக்கில் நம் மலையகத்துத் தியத்தலாவைக்குக் கொண்டுவரப்பட்டதும் அதே ஆண்டில்தான். ஆகவே சீனாவுக்கு அனுப்ப இந்தியச் சிப்பாய்களே கிடைத்தனர். எட்டு நாட்டுக் கூட்டுப்படை ஆகஸ்டு 14-ஆம் திகதி பீகிங்கை அடைந்தபோது, மதிலின் அடியில் இருந்த நீர்வாயில் வழியாக முதலில் தூதரக வட்டாரத்துள் நுழைந்தோர் சீக்கியரும் ராஜபுத்திரருமே. அதன்பின் நடந்தவற்றை எழுதவே கை கூசுகிறது. நகரம் கொள்ளையிடப்பட்டது, குற்றமற்றோர் கொல்லப்பட்டனர். 1901 செப்டெம்பர் 7-இல் கையெழுத்தான ஒப்பந்தத்தின்படி சீனா 45 கோடி தேல் வெள்ளியை வட்டியோடு 39 ஆண்டுகளில் செலுத்த வேண்டியதாயிற்று. சீனர் ஒவ்வொருவருக்கும் ஒரு தேல் என்பது அக்கணக்கு. பட்டினியால் கலகம் செய்த விவசாயியின் பேரனும் அந்தக் கடனைச் சுமந்தான்.

ஏழாவது ராஜபுத்திரப் படையில் கதாதர் சிங் என்ற வீரர் இருந்தார். தாம் கண்டதை 'சீனாவில் பதின்மூன்று மாதம்' என்ற பொருள்படும் பெயரில் இந்தியில் எழுதி 1902-இல் வெளியிட்டார். வென்ற படையின் சிப்பாயாக இருந்தும், எரிந்த ஊர்களையும் சீன மக்களின் அவலத்தையும் கண்டு இரங்கி எழுதினார். அவர்களைத் தம்மைப் போன்ற ஆசிய மக்களாகவே கண்டார். பிறர் ஆணைக்குப் போரிட்டவர் தம் உள்ளத்தைப் பிறருக்கு விற்கவில்லை. இத்தகைய ஒருவர் எழுதியதனாலேயே அக்காலத்துச் சீனர் துயரில் ஒரு பகுதியை நம்மால் காண முடிகிறது.

நமக்குள்ள கடமை

இளைஞர்களே! நாம் தூதரக வட்டாரத்து அன்னியரைப் போல இந்நாட்டுக்கு வந்தவர்கள் அல்லர். நம் முன்னோர் பீரங்கியோடு வரவில்லை. மண்வெட்டியோடும் கூடையோடும் வந்தனர். ஆயினும் 1948-ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டம் நம்மை நாடற்றவராக்கியது. 1964-ஆம் ஆண்டு ஒப்பந்தம், 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு என்று நம்மைப் பங்கிட்டது. நாடற்றிருந்தோரின் இன்னல் தீர 2003-ஆம் ஆண்டில் இயற்றப்பட்ட சட்டம் வரை காத்திருக்க வேண்டியதாயிற்று. 1977-இலும், 1981-இலும், 1983-இலும் கலகத்தீ தோட்டங்களை எட்டியபோது நம் லயங்களுக்கு மதில் இருக்கவில்லை. நீர்வாயில் வழியே வந்து மீட்க எந்தப் படையும் இருக்கவில்லை. தம் வீட்டில் ஒளித்து வைத்துக் காத்த சிங்கள அயலவரும் உண்டு. அவர்களது பெயரையும் நாம் எழுதி வைக்கவில்லை.

டிக்கோயா வார்லி தேவாலய முற்றத்தில் துரைமாரின் கல்லறைகள் பெயரோடு நிற்கின்றன. பெர்குசன் தொகுத்த இலங்கை டிரெக்டரியில் தோட்டமும் ஏக்கரும் துரையின் பெயரும் அச்சாகியுள்ளன. காடு வெட்டியவன் பெயர் அங்கே இல்லை. அவனைப் புதைத்த இடத்தில் தேயிலை வளர்ந்திருக்கிறது. சி. வி. வேலுப்பிள்ளை அவர்கள் தோட்டம் தோட்டமாகச் சென்று நம் மக்கள் பாடல்களைத் தொகுத்திராவிடில் அவையும் காற்றோடு போயிருக்கும்.

சூ மாளிகையில் இறந்த குழந்தைகளின் பெயரை இனி யாராலும் எழுத முடியாது. கேட்டறியக்கூடியோர் யாவரும் மறைந்துவிட்டனர். நம் நிலை அதுவன்று. நம் லயங்களில், கலக நாள்களை நேரிற் கண்ட பாட்டன்மாரும் பாட்டிமாரும் இன்னும் இருக்கின்றனர். ஆகவே சங்கத்து உறுப்பினர் ஒவ்வொருவரையும் நாம் வேண்டுவது இதுவே: ஓர் அப்பியாசக் கொப்பியை எடுங்கள், உங்கள் தோட்டத்து முதியவர் ஒருவரிடம் அமருங்கள், அவர் எங்கிருந்து வந்த குடும்பம், எந்தெந்த மலையில் வேலை செய்தார், எந்த ஆண்டு எதை இழந்தார், யார் கைகொடுத்தார் என்று கேட்டு, அவர் சொன்னபடியே எழுதுங்கள். பெரியோர்களே! பிள்ளைகள் கேட்கும்போது, பழங்கதை எதற்கு என்று ஒதுக்கிவிடாதீர்கள். பெயரோடு சொல்லுங்கள்.

எழுதியவன் வென்றான் என்று சொல்ல வரவில்லை. எழுதப்படாதவன் இரண்டு முறை இறக்கிறான் என்பதையே பீகிங் நமக்குக் கற்பிக்கிறது. நம் முன்னோர் ஒருமுறை இறந்தது போதும்.