குழாய்: துளைக்கும் திருகுக்கும் ஒரே பெயர்

குழாய் என்பது நீண்டு, உருண்டு, உள்ளே துளையோடு இருக்கும் எந்தப் பொருளுக்கும் உரிய தமிழ்ச் சொல். சமையலறைத் தொட்டிக்கு மேலே நீட்டிக்கொண்டிருந்து, திருகினால் தண்ணீர் தந்து, திருப்பித் திருகினால் நிறுத்தும் சிறு கருவிக்கும் அதுவே பெயர். பேச்சில் ‘குழா’, ‘கொழா’, ‘கொழாய்’ என்று ஊருக்கு ஊர் மாறி ஒலிக்கும். ‘பைப்’, ‘பைப்பு’ என்ற கடன்சொல்லும் இந்த இரண்டு பொருளையும் தாங்கி நிற்கிறது.

சுவருக்குள் ஓடுவதும் குழாய், அதன் நுனியில் மாட்டியிருப்பதும் குழாய். ‘குழாயை மூடு’ என்றால் கை தானாகத் திருகுக்குப் போகிறது. ‘குழாய் பதிக்கிறார்கள்’ என்றால் தெருவைத் தோண்டுகிறார்கள் என்று விளங்குகிறது. உடன் வரும் வினைச்சொல்லே பொருளைப் பிரித்துக் காட்டிவிடும்.

குழி, குழல், குழிசி, குழாய் ஆகிய எல்லாச் சொற்களிலும் உட்குடைவு என்ற கருத்து இருக்கிறது. நிலத்தில் குடைந்தது குழி. வயிறு குடைந்த பானை குழிசி. மூங்கிலின் உள்துளை இசை தரும்போது குழல். மழலைச் சொல்லுக்கு ஈடாகாது என்று வள்ளுவர் சொன்ன குழலும், அடுப்பங்கரையில் நெருப்பை ஊதிய ஊதுகுழலும், புட்டு வேகும் குழாயும் ஒரே குடும்பம். பின்னாளில் அறிவியல் தமிழ் இந்தச் சொல்லை விரும்பி எடுத்துக்கொண்டது. மூச்சுக்குழாய், உணவுக்குழாய், சோதனைக்குழாய், குழாய் விளக்கு என்று அது உடலுக்குள்ளும் ஆய்வுக்கூடத்துக்குள்ளும் போயிற்று. கோயில் திருவிழாவில் மரத்தில் கட்டும் ஒலிபெருக்கியையும் கிராமத்தில் ‘குழாய்’ என்றே சொன்னார்கள்.

அண்டை மொழிகளில் இதே பாதை தெரிகிறது. தெலுங்கில் தண்ணீர் திறக்கும் கருவிக்குக் ‘குளாயி’ என்று பெயர். நம் சொல்லின் நெருங்கிய உறவு. இந்தியில் அது ‘நல்’. நாணல் தண்டைக் குறிக்கும் வடமொழி ‘நள’ என்பதோடு தொடர்புடைய சொல். கன்னடத்தில் ‘நல்லி’. துளையுள்ள தண்டு, அதன் வழியே வரும் நீர், கடைசியில் நீரை நிறுத்தும் கருவி என்று இந்த மொழிகள் எல்லாவற்றிலும் பொருள் நகர்ந்திருக்கிறது.

எல்லா மக்களும் அப்படிப் பெயர் வைக்கவில்லை. பிரெஞ்சுக்காரர் ‘ரோபினே’ என்கிறார்கள். ‘ரோபின்’ என்பது அங்கே ஆட்டுக்கடாவுக்கு வழங்கிய செல்லப்பெயர். பழைய குழாய் வாய்கள் ஆட்டுத் தலை வடிவில் செய்யப்பட்டதால் வந்த பெயர் அது. ஜெர்மன் மொழியில் ‘ஹான்’, அதாவது சேவல். ஸ்பானியத்தில் ‘கிரிஃபோ’, கழுகுத் தலையும் சிங்க உடலும் கொண்ட கற்பனை விலங்கு. சீனர்களுக்கு அது நீர் டிராகனின் தலை, ஜப்பானியர்களுக்குப் பாம்பின் வாய். நீர் உமிழும் இடத்தில் ஒரு முகத்தைக் கண்டவர்கள் இவர்கள்.

தமிழ் நிலத்திலும் அப்படி ஒரு முகம் உண்டு. கருவறையில் அபிஷேகம் செய்த நீர் வெளியே விழும் இடத்தில் கல்லில் வடித்திருக்கும் கோமுகி, பசுவின் முகம் என்றே பொருள்படும். ஆனால் அந்தப் பெயர் கோயில் மதிலைத் தாண்டி வீட்டுக்குள் வரவில்லை. அடுக்களைக்கு வந்தது துளையின் பெயர்தான்.

ஆங்கிலத்தின் கதை மதுப் பீப்பாயில் தொடங்குகிறது. பீப்பாயின் ஓட்டையை அடைத்த முளைக்கட்டைதான் முதலில் ‘டாப்’. பழைய பிரெஞ்சிலிருந்து வந்த ‘ஃபாசெட்’டும் பீப்பாயோடு பிறந்த சொல்லே. அது நீர் வரும் துளைத்தண்டாகவும், ‘ஸ்பிகாட்’ அதை அடைக்கும் ஆப்பாகவும் இணைந்து வழங்கின. காலப்போக்கில் பிரிட்டனில் ‘டாப்’ நிலைத்தது, அமெரிக்காவில் ‘ஃபாசெட்’ நிலைத்தது. படைவீரர்களுக்கு மதுவை நிறுத்தச் சொல்லி, ‘டாப்பை மூடு’ என்ற பொருளில் டச்சு மொழியில் எழுந்த ‘டாப்டூ’ என்ற குரலே, இராணுவ அணிவகுப்பு இசையைக் குறிக்கும் ‘டாட்டூ’ ஆயிற்று. பச்சை குத்துதலைக் குறிக்கும் சொல் வேறு; அது பாலினீசியத் தீவுகளிலிருந்து வந்தது.

நீரை அடைத்துத் திறக்கும் நுட்பம் தமிழர்களுக்குப் புதிதல்ல. அதற்கு வழங்கிய பழைய சொல் தூம்பு. இதற்கும் உள்துளை உடையது என்பதே அடிப்படைப் பொருள். மூங்கிலும் தூம்பு, அதே வடிவில் செய்த இசைக்கருவியும் தூம்பு, ஏரியிலிருந்து நீர் போகும் வழியும் தூம்பு. மணிமேகலையில் நகரத்துக் கழிவுநீர் ஓடும் வழி ‘சுருங்கைத் தூம்பு’ என்று பெயர் பெறுகிறது. கீழடியில் ஒன்றோடொன்று பொருத்தி வைத்த சுடுமண் குழாய்கள் கிடைத்திருக்கின்றன.

இவற்றில் மிக நுட்பமானது குமிழித் தூம்பு. ஏரிக்கரையை விட்டுச் சற்று உள்ளே, நீருக்கு நடுவில், இரண்டு கல் தூண்கள் நிற்கும். தூண்களை இணைக்கும் குறுக்குப் பலகைகளின் துளை வழியே ஒரு தண்டு இறங்கும். தண்டின் அடியில் இருக்கும் குமிழ், கீழே உள்ள கல்தொட்டியின் வாயை அடைத்திருக்கும். பாசனக் காலத்தில் ஒருவர் நீந்திப் போய்த் தண்டைத் தூக்கினால் நீரோடித் துளை வழியாக நீர் இறங்கி, கரைக்கு அடியில் உள்ள சுருங்கை வழியே வயலுக்குப் போகும். அடியில் தங்கிய வண்டல் சேறோடித் துளை வழியாகக் கூடவே வெளியேறும். தண்டு, அடைப்பு, அடைப்பு உட்காரும் இருக்கை என்ற மூன்றும் இன்றைய சமையலறைக் குழாய்க்குள்ளும் இருக்கின்றன. அளவும் பொருளும்தான் வேறு. புதுக்கோட்டை வட்டாரத்து ஏரிகளில் இத்தகைய தூண்கள் பல, அமைத்துக் கொடுத்தவர் பெயர் பொறித்த கல்வெட்டோடு இன்றும் நிற்கின்றன. அவற்றைப் பார்க்காதவர்கள் ஒருமுறை போய்ப் பார்க்க வேண்டும்.

இப்போதைய திருகு குழாய் இங்கிலாந்தில் உருவானது. ராதர்ஹாம் நகரில் ‘கெஸ்ட் அண்ட் கிரைம்ஸ்’ நிறுவனம் 1845இல் திருகி மூடும் குழாயைக் கொண்டுவந்தது. கைப்பிடியைச் சுற்றும்போது மரையுள்ள தண்டு இறங்கி, அடியில் இருக்கும் வட்டமான வாஷரை நீர்வாயின் மேல் அழுத்தும். நீர் மெல்ல மெல்லக் குறைந்து நிற்பதால், வேகமாக ஓடும் நீர் சட்டென்று தடைபட்டுக் குழாய் அதிரும் தொல்லை குறைந்தது. அழுத்தம் மிகுந்த நகரக் குடிநீர் அமைப்புகளுக்கு இது மிகவும் தேவைப்பட்டது.

சென்னையில் ஒழுங்குமுறையான குடிநீர் வழங்கல் 1872இல் தொடங்கியது. செங்குன்றம் ஏரியின் நீர் திறந்த கால்வாய் வழியாகக் கீழ்ப்பாக்கம் வந்து, அங்கிருந்து குழாய்களில் நகருக்குள் போயிற்று. 1914இல் கீழ்ப்பாக்கத்தில் நீரேற்று நிலையமும் மணல் வடிகட்டிகளும் அமைந்தன. புதிய நீரை எல்லோரும் உடனே ஏற்கவில்லை. வாஷர் தோலால் ஆனது என்பதால் அந்த நீரைப் பூசைக்கும் சமையலுக்கும் எடுக்க வைதிகக் குடும்பங்கள் தயங்கின. மறுபக்கம், ஊர்க் கிணற்றில் இறங்கவிடாமல் தடுக்கப்பட்ட மக்களுக்குத் தெருக்குழாய் ஒரு பெரிய வாசலைத் திறந்தது. பல ஊர்களில் சாதி அங்கும் வந்து வரிசையைப் பிரித்தது என்பதையும் சேர்த்தே எழுத வேண்டும். ஆயினும், கயிறும் வாளியும் யாருடையவை என்று பார்த்த கிணற்றைவிட, கை வைத்துத் திருகியவருக்கெல்லாம் நீர் தந்த குழாய் நியாயமானது.

தெருக்குழாயிலிருந்து ‘குழாயடி’ என்ற சொல் பிறந்தது. கிணற்றடி, மரத்தடி என்பவற்றின் அச்சில் வந்த அழகான சொல். அதோடு ‘குழாயடிச் சண்டை’ என்ற தொடரும் சேர்ந்து வந்தது. சட்டமன்றத்தில் கூச்சல் எழுந்தால், தொலைக்காட்சி விவாதத்தில் குரல் உயர்ந்தால், ‘குழாயடிச் சண்டை போல’ என்று எழுதுவது பத்திரிகை வழக்கம். தரம் தாழ்ந்த, பொருளற்ற வாய்ச்சண்டை என்பது அதன் பொருள்.

இந்தத் தொடர் அநியாயமானது. குழாயடியில் நின்றவர்கள் பெண்கள். தண்ணீர் வருவது ஒரு மணி நேரமோ இரண்டு மணி நேரமோ. சில ஊர்களில் நள்ளிரவு, சில ஊர்களில் விடியற்காலை. வரிசையில் வைத்த குடம் நிறைவதற்குள் நீர் நின்றுபோனால் அன்றைக்கு அந்த வீட்டில் உலை வைக்க வழியில்லை. அங்கே எழுந்த குரல், ஒரு குடும்பத்தின் ஒருநாள் தண்ணீருக்கான குரல். அதைவிடப் பொருளுள்ள சண்டை எது? சென்னையின் தண்ணீர்ப் பஞ்சத்தை வைத்து அசோகமித்திரன் எழுதிய ‘தண்ணீர்’ நாவலைப் படித்தவர்கள், குடத்தோடு அலையும் பெண்களின் களைப்பை அறிவார்கள். வேறு எத்தனையோ உவமைகள் இருக்க, இதைக் கேலிக்கு எடுத்தாள்வதை எழுதுகிறவர்கள் விட்டுவிடலாம்.

தெருக்குழாயோடு அடிகுழாயும் வந்தது. கையால் அடித்து நீர் இறைப்பதால் அந்தப் பெயர்; ‘அடிபம்பு’, ‘அடிபைப்’ என்றும் சொல்வார்கள். 1970களில் யுனிசெஃப் துணையோடு உருவான ‘இந்தியா மார்க் 2’ கைப்பம்பு சென்னையின் ரிச்சர்ட்சன் அண்ட் குருடாஸ் தொழிற்சாலையில் தயாராகி, இந்தியக் கிராமங்களுக்கும் கடல் கடந்தும் சென்றது. நிலத்தில் துளையிட்டு நீர் எடுக்கும் கிணறு தமிழ்நாட்டில் ‘ஆழ்துளைக் கிணறு’ அல்லது ‘போர்’. இலங்கைத் தமிழில் ‘குழாய்க்கிணறு’. சென்னைவாசிகளுக்கு இன்னொரு குழாயும் நினைவிருக்கும். வீராணம் திட்டத்துக்கென்று கொண்டுவந்த பெரிய கான்கிரீட் குழாய்கள் பல ஆண்டுகள் சாலையோரம் கிடந்தன. வீடற்றவர்கள் அவற்றுக்குள் குடியிருந்தார்கள். ஏறத்தாழ 235 கிலோமீட்டர் தொலைவிலிருந்து வீராணம் ஏரி நீர் சென்னைக்கு வந்து சேர்ந்தது 2004இல்தான்.

இலங்கையின் மலையகத்தில் வேறொரு சொல் வாழ்கிறது. ஊற்றிலிருந்து மூங்கிலோ தகரமோ வைத்து இறக்கிய நீர் விழும் இடம் ‘பீலி’. தேயிலைத் தோட்டத்து மக்கள் குளிப்பதும் துவைப்பதும் குடிநீர் பிடிப்பதும் பீலிக்கரையில். தமிழ்நாட்டுக் குழாயடி என்னவோ, அதுவே மலையகத்தின் பீலிக்கரை. யாழ்ப்பாணத்தில் பீலி என்றால் கூரை நீரை ஏந்தி இறக்கும் வாய்க்கால்.

‘பைப்’ வந்த விதம் கவனிக்கத்தக்கது. தண்ணீரைப் பொறுத்தவரை ஆங்கிலேயருக்குப் ‘பைப்’ என்றால் நீர் வரும் வழி மட்டுமே. திறந்து மூடும் கருவிக்கு ‘டாப்’ இருக்கிறது. அந்த இரண்டு சொற்களும் எதிரே இருந்தபோது தமிழர்களின் வாய் ‘பைப்’பை எடுத்து, அதற்குக் ‘குழாய்’ என்பதன் இரண்டு பொருளையும் கொடுத்துவிட்டது. ‘பைப்பைத் திற’, ‘பைப்பை மூடு’ என்பது ஆங்கிலேயர் சொல்லாத வழக்கு. ஒலி மட்டும் கடன், பொருள் நம்முடையது. இதை ஆங்கிலம் தெரியாதவர்களின் பிழை என்று சொல்வது தவறு. மொழி தன் பழைய தடத்திலேயே புதிய சொல்லையும் ஓடவிட்ட செயல் இது.

வேறுபடுத்திச் சொல்ல வேண்டிய இடத்தில் தொழில்காரர்களின் பேச்சு உதவுகிறது. இரும்புக்கடைச் சீட்டில் யாரும் வெறுமனே ‘குழாய்’ என்று எழுதுவதில்லை. சுவரில் மாட்டுவது ‘பிப் காக்’. மேடையில் நிற்பது ‘பில்லர் காக்’. தொட்டிக்கு மேல் அன்னத்தின் கழுத்துப்போல் வளைந்து இருபுறமும் திரும்புவது ‘சிங்க் காக்’. பிப் காக்கின் உடல் நீண்டால் ‘லாங் பாடி’. அடியில் தனியாக நீரை நிறுத்துவது ‘ஆங்கிள் காக்’. அமெரிக்காவில் சமையலறையில் இருக்கும் ‘ஃபாசெட்’ என்ற சொல், இங்கே ‘ஹெல்த் ஃபாசெட்’ என்ற பெயரில் கழிவறைக்குப் போய்விட்டது. நம் ஊர்க் கடையில் ‘ஃபாசெட் வேண்டும்’ என்று கேட்பவர் பெரும்பாலும் அந்த நீர்த்தெளிப்பானைத்தான் கேட்கிறார்.

சமையலறைக்குள் குழாய் வந்தது அண்மையில்தான். அதற்கு முன் தவலையும் அண்டாவும் குடமும் சமையலறையின் நீர்நிலைகள். பாத்திரம் கழுவக் கிணற்றடி, முற்றம், அல்லது அங்கணம். திருநெல்வேலிப் பக்கத்து வீடுகளில் கழுவுநீர் விழும் இடம் அங்கணம் எனப்படும். அமிழ்தைக் கொட்டக்கூடாத இடமாக 720ஆம் குறள் சொல்லும் சொல்லும் அதுவே. நின்றபடி சமைக்கும் மேடை வந்தபோது தொட்டி இடுப்பளவு உயர்ந்தது. அங்கணம் ‘சிங்க்’ ஆயிற்று. அங்கணத்தின் பெயர் மாறியும், அதற்கு நீர் விடும் குழாயின் பெயர் மாறவில்லை.

அரசு வழக்கிலும் அந்தப் பெயரே தொடர்கிறது. 2019 ஆகஸ்டு 15 அன்று அறிவிக்கப்பட்ட ஒன்றிய அரசின் ஜல் ஜீவன் இயக்கத்தின் இலக்கு ஒவ்வொரு கிராம வீட்டுக்கும் குடிநீர் இணைப்பு. இந்தியில் அதை ‘நல் ஸே ஜல்’ என்றார்கள். தமிழ்நாட்டு அரசு ஆவணங்களில் அது ‘குடிநீர்க் குழாய் இணைப்பு’.