கணக்கை மறைக்காத சாமுராய்

சாமுராய் என்றதும் என் மாணவர்கள் அடிக்கோலை எடுத்து வாள்போல் சுழற்றத் தொடங்கிவிடுவர். அவர்களுக்குச் சொல்வதற்கென்றே நான் வைத்திருக்கும் சாமுராய் ஒருவர் உண்டு. அவர் பள்ளி ஆசிரியர், பின்னர்க் கணக்கதிகாரி. ஆசிரியர் என்பதால் எனக்குச் சற்றுக் கூடுதல் பற்று என்பதையும் ஒப்புக்கொள்கிறேன்.

யமடா ஹோகோகு 1805-இல், இன்றைய ஒக்காயாமா மாநிலத்தில், எண்ணெய் ஆட்டி விற்ற உழவர் குடும்பத்தில் பிறந்தார். பதினைந்து வயதிற்குள் பெற்றோர் இருவரையும் இழந்து, படிப்பை விட்டு எண்ணெய்த் தொழிலை ஏற்றார். ஆயினும் அவருடைய கல்வி சிற்றரசரின் செவிக்கு எட்டியது. சாமுராய்த் தகுதியும் பிச்சு மத்சுயாமா சிற்றரசின் பள்ளியில் ஆசிரியப் பணியும் கிடைத்தன. அடுத்த அரசரான இத்தாகுரா கத்சுகியோ இளமையில் அவரிடமே பாடங்கேட்டவர்.

அம்மாணவர் 1849-இல் பட்டமேற்றதும் கருவூலத்தை ஆசிரியரிடமே ஒப்படைத்தார். "உழவன் மகனுக்கு இப்பதவியா?" என்று பிற சாமுராய்கள் குமைந்தனர். ஏடுகளைத் திறந்து பார்த்தால், கடன் 100,000 ரியோ! சிற்றரசின் விளைச்சல் ஆண்டுக்கு 50,000 கொக்கு என்பது ஊரறிந்த கணக்கு. (ஒரு கொக்கு என்பது ஓராள் ஓராண்டு உண்ணும் அரிசி.) உண்மையில் விளைந்ததோ 19,300 கொக்குதான். முன்னிருந்த அதிகாரிகள் மானம் கருதி இதனை மூடிமறைத்து, இல்லாத விளைச்சலைக் காட்டிக் கடன்மேல் கடன் வாங்கியிருந்தனர்.

ஹோகோகு ஒசாக்காவுக்குச் சென்றார். கடன் கொடுத்த வணிகர்களிடம் உண்மைக் கணக்கை விரித்துக் காட்டித் தவணை கேட்டார். வணிகர்கள் இணங்கினர்! தம்மீது ஐயம் எழாதிருக்கத் தம் வீட்டு வரவு செலவையும் பிறர் பொறுப்பில் விட்டார். மக்கள் நம்பிக்கை இழந்த காகிதப் பணத்தைக் காசு கொடுத்துத் திரும்பப் பெற்று, 1852-இல் ஆற்றங்கரையில் ஊரார் கண்முன்னே எரித்தார். உள்ளூர் இரும்பில் மூன்றுமுனை மண்வெட்டி செய்வித்து எடோவுக்குக் கப்பலேற்றினார். ஏறத்தாழ எட்டாண்டுகளில் கடன் தீர்ந்தது; கையிருப்பும் அதே அளவுக்கு உயர்ந்தது என்பர்.

ஆயினும் என்னை ஆட்கொண்டது 1868-ஆம் ஆண்டு நிகழ்ச்சியே. அப்போது கத்சுகியோ சோகுனின் மூத்த அமைச்சர். பேரரசர் படையிடம் சோகுனின் படை தோற்றதும் அவர் சோகுனுடன் ஒசாக்காவை விட்டுக் கப்பலேறிவிட்டார். இங்கே ஊரைப் படை சூழ்ந்தது. தலைவனுக்காகப் போரிட்டு மடிவதா, ஊரைக் காப்பதா? போரின்றிக் கோட்டையை ஒப்படைப்பதென முடிவாயிற்று. தம் மாணவரின் கோட்டையைக் கொடுக்க இசைந்த அந்த முதியவரின் மனம் என்ன பாடுபட்டிருக்கும்!

ஆனால், சரணடைவு ஓலையில் கத்சுகியோவின் செயலைக் கொடிய இராசத் துரோகம் எனக் குறிக்கும் சொற்கள் இருந்தன. அது பொய் என்றார் ஹோகோகு. அச்சொற்களை நீக்காவிடில் உயிர்விடவும் துணிந்தார். இறுதியில், 'முன்யோசனையற்ற கலகம்' என்னும் பொருள்படும் சொற்களாக அவை மாற்றப்பட்டன.

1869-இல் புதிய அரசு அச்சிற்றரசை மீண்டும் ஏற்றது. அளவை மட்டும் 20,000 கொக்காகக் குறைத்தது. பிறருக்கு அது பெருந்தண்டனையாகத் தோன்றியிருக்கும். ஒசாக்காவில் ஹோகோகு காட்டிய ஏட்டிலும் ஏறக்குறைய அதே எண்தான் இருந்தது. அவர் புதிய அரசில் பதவி ஏற்காமல், 1877-இல் மறையும்வரை பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லிக்கொடுத்தார்.